குமரி ரயில் பாதையை ஆவணப்படம் எடுப்பது: எதை, எப்படி, யாரிடம் கேட்டு?

திருவனந்தபுரம்–கன்னியாகுமரி பாதையில் இரட்டைப் பாதை வேலை நடக்கிறது. கன்னியாகுமரி, நாகர்கோவில் நிலையங்களில் மறுசீரமைப்பு. லெவல் கிராசிங்குகள் ஒவ்வொன்றாக மூடப்பட்டு, மேம்பாலமோ சுரங்கப்பாதையோ வருகிறது. மறைவதற்குள் இதையெல்லாம் படமெடுத்து வைக்க வேண்டும் என்று ஒரு பக்கம் சொல்கிறார்கள். மறு பக்கம், தண்டவாளத்தில் ரீல்ஸ் எடுத்தவர்கள் மீது ரயில்வே பாதுகாப்புப் படை வழக்குப் பதிந்தது என்ற செய்தியும் அடிக்கடி வருகிறது. கல்லூரி மாணவர்களும் ஊர் வரலாறு சேகரிப்பவர்களும் கேட்கும் கேள்விகள் மூன்று: இவ்வளவு புதிய பாதையில் பாரம்பரியம் என்று என்ன இருக்கிறது? எதை எடுக்கலாம்? எடுத்தது கெடாமல் இருக்க என்ன செய்ய வேண்டும்?

பாதையின் வயது

திருநெல்வேலிக்கு 1876-லேயே ரயில் வந்துவிட்டது. கொல்லம்–செங்கோட்டை மலைப்பாதை 1904-ல் திறக்கப்பட்டது. அங்கிருந்து 1918-ல் திருவனந்தபுரத்துக்கு நீண்டது. இரண்டு முனைகளுக்கும் நடுவில் இருந்த குமரி மாவட்டத்துக்கு ரயில் 1979-ல்தான் வந்தது. அந்த ஆண்டு திருவனந்தபுரம்–நாகர்கோவில்–கன்னியாகுமரி பாதையும், 1981-ல் நாகர்கோவில்–திருநெல்வேலி பாதையும் திறக்கப்பட்டன. முதல் பாதை சுமார் 87 கிலோமீட்டர், இரண்டாவது 74. இரண்டுமே தொடக்கத்திலிருந்தே அகலப்பாதை.

ஆகவே மீட்டர் கேஜ் நினைவுகளோ, பிரிட்டிஷ் காலக் கல் கட்டடமோ, நீராவி எஞ்சின் கொட்டகையோ இங்கே தேடினால் கிடைக்காது. 1855-ல் செய்யப்பட்ட இ.ஐ.ஆர். 21 நீராவி எஞ்சினை 2019-ல் நாகர்கோவிலுக்கும் கன்னியாகுமரிக்கும் இடையே ஓட்டிக் காட்டினார்கள். கைபேசி வைத்திருந்தவர் எல்லாம் அதை எடுத்தார்கள். அது விருந்தாளி எஞ்சின். இந்தப் பாதையின் கதை அதில் இல்லை.

குமரிக்கு வேறொரு வசதி உண்டு. செம்மண் மேடுகளை வெட்டிப் பாதை போட்டவர்கள், நிலம் கொடுத்த குடும்பங்கள், பாதையைப் பராமரித்த முதல் தலைமுறை கேங்மேன்கள், சென்னை ரயிலைப் பிடிக்கப் பஸ்ஸில் திருநெல்வேலி போனவர்கள் ஆகியோரில் பலர் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். 1979-ல் 25 வயது என்றால் இன்று எழுபதைத் தாண்டியிருப்பார். தமிழ்நாட்டின் பழைய பாதைகள் எதற்கும் இந்த வாய்ப்பு இல்லை. இங்கே முதலில் எடுக்க வேண்டியவை இவர்களுடைய நினைவும், அடுத்த சில ஆண்டுகளில் இல்லாமல் போகப்போகும் வேலை முறைகளும்தான். ஓடும் ரயிலை எப்போது வேண்டுமானாலும் எடுக்கலாம். நாளையும் அது வரும்.

எந்த வேலைகள்?

மூன்றை எடுத்துக்காட்டாகப் பார்க்கலாம்.

முதலாவது, கீமேன் நடை. ஒவ்வொரு கீமேனுக்கும் சில கிலோமீட்டர் பாதை ஒதுக்கப்பட்டிருக்கும். தண்டவாளத்தைப் பிடித்திருக்கும் கிளிப் தளர்ந்திருந்தால் சுத்தியலால் தட்டி உட்காரவைப்பது, தண்டவாளங்கள் சேரும் ஜாயிண்டின் போல்ட்டை முடுக்குவது, தண்டவாளத்தில் விரிசல் இருக்கிறதா என்று பார்ப்பது அவர் வேலை. கையில் சுத்தியல், ஸ்பேனர், சிவப்பு–பச்சைக் கொடி, பையில் டெட்டனேட்டர் (தண்டவாளத்தில் வைத்தால், ரயில் ஏறும்போது வெடித்து ஓட்டுநரை எச்சரிப்பது). விரிசலைக் கண்டால் வரும் ரயிலை நிறுத்த வேண்டும். அகலப்பாதையில் ஆபத்தான இடத்திலிருந்து 600 மீட்டரில் ஒரு டெட்டனேட்டர், 1,200 மீட்டரில் பத்துப் பத்து மீட்டர் இடைவெளியில் மூன்று வைப்பது விதி. மழைக்காலத்தில் இரவு ரோந்து தனி. 2021 நவம்பர் கனமழையில் இரணியல்–பாறசாலை பக்கம் மண் சரிந்து போக்குவரத்து நின்றதை நினைத்தால், இந்த வெட்டுப் பாதைகளில் அந்த ரோந்துக்கு எவ்வளவு வேலை என்று புரியும்.

இதைப் படமாக்குபவர்கள் செய்யும் தவறு, நடப்பவரைப் பின்னாலிருந்து சூரிய அஸ்தமனத்தில் எடுப்பது. அழகாக இருக்கும், பயன் கிடையாது. தளர்ந்த கிளிப்புக்கும் இறுகிய கிளிப்புக்கும் சுத்தியல் எழுப்பும் ஒலியே வேறு. அந்த இரண்டு ஒலிகளும், கை போகும் விதமும், கண் எங்கே நிற்கிறது என்பதும் பதிவாக வேண்டும். கைக்கு அருகே ஒரு ஷாட், ஆள் முழுதாகத் தெரியும் ஒரு ஷாட், வெட்டாமல் ஐந்து நிமிடம் தொடரும் ஒரு ஷாட் என மூன்றும் இருந்தால் வேலை புரியும்.

இரண்டாவது, கேட். மூடப்படும் கேட்டைப் பற்றிய படம் என்றால் பெரும்பாலும் காத்து நிற்கும் வண்டிகளைக் காட்டுவதோடு முடிந்துவிடுகிறது. உள்ளே நடப்பது வேறு. ஸ்டேஷன் மாஸ்டர் போனில் அழைத்து ரயில் வரும் விவரம் சொல்வார். கேட் கீப்பர் கேட்டை மூடிப் பூட்டிய பிறகு, தன் தாளில் உள்ள பிரைவேட் நம்பரைச் சொல்வார். அந்த எண்ணை ஸ்டேஷன் மாஸ்டர் பதிவேட்டில் எழுதுவார். கேட் மூடப்பட்டதற்கு அந்த எண்ணே சாட்சி. இன்டர்லாக் செய்த, அதாவது சிக்னலோடு பிணைத்த கேட்டில் பூட்டு விழாமல் ரயிலுக்குச் சிக்னலும் கிடைக்காது. இந்தப் பேச்சின் இரு முனைகளையும் ஒரே நேரத்தில் இரண்டு கேமராவில் எடுத்தால்தான் முழுமை. இரண்டு கேமராவின் கடிகாரத்தையும் முன்பே ஒரே நொடிக்கு வைத்துக்கொள்ள வேண்டும். பிரைவேட் நம்பர் தாள் மட்டும் படத்தில் படிக்கும்படி தெரியக் கூடாது. எண் மற்றவருக்குத் தெரிந்துவிட்டால் அந்த முறைக்கே அர்த்தமில்லை.

மூன்றாவது, நாகர்கோவில் ஜங்ஷனில் எஞ்சின் முனை மாற்றுவது. திருவனந்தபுரம் பக்கமும் திருநெல்வேலி பக்கமும் ஜங்ஷனுக்குள் ஒரே முனை வழியாக நுழைகின்றன. அதனால் ஒரு பக்கத்திலிருந்து வந்து மறு பக்கம் போகும் ரயில் இங்கே வந்தால், எஞ்சினைக் கழற்றி எதிர் முனையில் பூட்டியே ஆக வேண்டும். ஜங்ஷனுக்கு வராமல் நாகர்கோவில் டவுன் வழியாகத் திரும்பும் ரயில்களுக்கு இது தேவையில்லை. அப்படிப்பட்ட ரயில்கள் கூடக் கூட, இந்தக் காட்சி அரிதாகும். எடுக்க வேண்டிய வரிசை:

1. எஞ்சினுக்கும் முதல் பெட்டிக்கும் இடையிலுள்ள காற்றுக்குழாய்களின் காக்குகளை (அடைப்பு வால்வுகளை) இரு பக்கமும் மூடுவது. மூடாமல் ஹோஸைக் கழற்றினால் காற்று சீறி, ஹோஸ் ஆளை அடிக்கும்.
2. ஹோஸ்களைப் பிரிப்பது, பிறகு இணைப்புக் கொக்கியான கப்ளரை விடுவிப்பது. புதிய வகையான எல்.எச்.பி. பெட்டிக்கும் பழைய ஐ.சி.எஃப். பெட்டிக்கும் இணைப்பு முறை வேறு. முடிந்தால் இரண்டையும் எடுக்கவும்.
3. பாயிண்ட்ஸ்மேன் கொடியோ விளக்கோ காட்டி எஞ்சினை நகர்த்துவது. காலியான லைன் வழியாக எஞ்சின் மறு முனைக்குப் போவது, அல்லது அங்கே வேறொரு எஞ்சின் தயாராக நிற்பது.
4. மறுபடி பூட்டி, காக்குகளைத் திறப்பது. பிரேக் குழாயில் சதுர சென்டிமீட்டருக்கு 5 கிலோ, ஃபீட் குழாயில் 6 கிலோ அழுத்தம் ஏறும்வரை காத்திருப்பது.
5. லோகோ பைலட் (எஞ்சின் ஓட்டுநர்) பிரேக் போட்டதும், கடைசிப் பெட்டியில் இருக்கும் டிரெயின் மேனேஜர் (2022 வரை இவர்தான் ‘கார்டு’) தன் மானியில் முள் இறங்குவதைப் பார்ப்பது. இரு முனைக்கும் காற்று தொடர்ந்து போகிறது என்பதற்கு அதுவே சோதனை.
6. ‘எல்.வி.’ பலகையும் (கடைசிப் பெட்டிக்கு அடையாளம்) பின்விளக்கும் முனை மாறுவது.

எடிட்டிங்கில் ஒரு சிக்கல் வரும். எஞ்சின் மாறியதும் ரயில் எதிர்த் திசையில் கிளம்பும். பார்வையாளர் தலைசுற்றிப் போவார். மேலே மேம்பாலத்திலிருந்து, மூன்று பாதைகளும் தெரிய ஒரு அகல ஷாட்டை நடுவில் வைத்தால் தீர்ந்தது. அது கிடைக்காவிட்டால் கையால் வரைந்த ஒரு வரைபடம் போதும்.

சட்டம் சொல்வது

1989 ரயில்வே சட்டத்தின் 147-வது பிரிவு, அனுமதியின்றி ரயில்வே இடத்தில் நுழைவதைக் குற்றமாக்குகிறது: ஆறு மாதம் வரை சிறை, அல்லது 1,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். ரீல்ஸ் வழக்குகளில் அடிக்கடி வருவது இந்தப் பிரிவு. பெட்டியின் கூரையிலோ படிக்கட்டிலோ பயணிப்பது 156-வது பிரிவு. வேண்டுமென்றே செய்த காரியம் பயணிகளின் பாதுகாப்பைக் கெடுத்தால் 153. அதில் தண்டனை மிகக் கடுமை. கேங்மேன் தண்டவாளத்தில் நடக்கிறாரே என்று அவர் பின்னால் போவதும் அத்துமீறல்தான், அனுமதிக் கடிதம் கையில் இல்லாவிட்டால்.

பிளாட்பார டிக்கெட் 2 மணி நேரம் நிற்க உரிமை தரும். படப்பிடிப்பு நடத்த உரிமை தராது. கைபேசியில் ஒரு படம் எடுப்பதை யாரும் பெரிதாகக் கேட்பதில்லை. முக்காலியும் தனி மைக்கும் வந்துவிட்டால் ஸ்டேஷன் மாஸ்டர் கேட்பார், கேட்கவும் வேண்டும்.

அனுமதி கேட்கும் முறை

இங்கே பலர் முதல் அடியிலேயே வழி தவறுகிறார்கள். தமிழ்நாட்டு மாவட்டம் என்பதால் மதுரைக் கோட்டத்துக்கு எழுதுகிறார்கள். குமரி மாவட்ட நிலையங்கள் திருவனந்தபுரம் கோட்டத்தில் உள்ளன. 1979 அக்டோபரில் அந்தக் கோட்டம் உருவானதிலிருந்தே அப்படித்தான். வடக்கே மேலப்பாளையம் வரை அதன் எல்லை. மதுரையோடு சேர்க்க வேண்டும் என்ற கோரிக்கை நெடுங்காலமாக இருக்கிறது. அது வேறு கதை. விண்ணப்பம் போக வேண்டியது திருவனந்தபுரத்துக்கு. திரைப்படம், வணிகப் படம் என்றால் சென்னையிலுள்ள தெற்கு ரயில்வே தலைமையகத்தின் மக்கள் தொடர்புப் பிரிவு வரை போகும். தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தின் படப்பிடிப்பு உதவி அலுவலகம் வழியாகவும் விண்ணப்பிக்கலாம்.

விண்ணப்பத்தில் இருக்க வேண்டியவை:

1. படத்தின் சுருக்கமும் ஷாட் பட்டியலும். ‘நிலையத்தில் சில காட்சிகள்’ என்று எழுதினால் கேள்வி திரும்பி வரும். ‘2-வது பிளாட்பாரம், காலை 6 முதல் 8 வரை, எஞ்சின் கழற்றுதல்’ என்று எழுத வேண்டும்.
2. ஆட்களின் பெயர், அடையாள அட்டை நகல். குழு நான்கு பேருக்குள் இருந்தால் எல்லோருக்கும் நல்லது.
3. கருவிகளின் பட்டியல், எண்ணிக்கையோடு.
4. கல்லூரியோ நிறுவனமோ தரும் கடிதம். வணிக நோக்கம் இல்லையென்றால் அதைத் தெளிவாக எழுதவும்.
5. பாதைக்கு அருகே வேலை என்றால், ரயில்வே ஊழியர் ஒருவரை உடன் அனுப்பும்படி கோரிக்கை. ரயில் வருவதைக் கவனிக்கும் பொறுப்பு அவருடையது. அவர் விசில் அடித்தால் ஷாட் பாதியில் நின்றாலும் விலக வேண்டும்.

ட்ரோனுக்கு இது மட்டும் போதாது. 2021 ட்ரோன் விதிகளின்படி டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தில் அந்த இடம் பச்சை, மஞ்சள், சிவப்பு எந்த மண்டலம் என்று பார்க்க வேண்டும். கூடங்குளம் அணுமின் நிலையமும் மகேந்திரகிரி இஸ்ரோ வளாகமும் பக்கத்தில் இருப்பதால், ஆரல்வாய்மொழிக்கு வடக்கே போகிறவர்கள் அதைப் பார்க்காமல் ட்ரோன் பெட்டியைத் திறக்கவே கூடாது.

மேலே 25,000 வோல்ட்

மின்மயமான பாதையில் கம்பியைத் தொட்டால்தான் அடிக்கும் என்று நினைப்பது தவறு. 25 கிலோவோல்ட் மின்சாரம் காற்றிடைவெளியைத் தாண்டியும் பாயும். 2 மீட்டருக்குள் உடலோ பொருளோ போகக் கூடாது. கம்பி தண்டவாளத்திலிருந்து சுமார் ஐந்தரை மீட்டர் உயரத்தில் இருக்கிறது. பிளாட்பாரத்தில் நின்று மூன்று மீட்டர் மைக் கம்பத்தைத் தலைக்கு மேலே தூக்கினால் அந்த எல்லைக்குள் போய்விடும். கார்பன் ஃபைபர் கம்பமும் மின்சாரம் கடத்தும். ‘இரும்பு இல்லையே’ என்பது இங்கே பாதுகாப்பு ஆகாது. பிளாட்பாரத்தில் மைக்கைக் கீழிருந்து மேல்நோக்கிப் பிடிப்பதே முறை. செல்ஃபி கம்போடு சரக்கு வண்டி மேல் ஏறி இறந்தவர்களின் செய்தி நாடு முழுவதும் வந்துகொண்டே இருக்கிறது.

கேமரா

நம் நாட்டில் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று வைத்தால் பிளாட்பார விளக்குகள் மினுங்காது. 30 ஃபிரேம், 1/60 என்று கைபேசி தானாக வைத்துக்கொள்வதுதான் பல படங்களில் வெளிச்சம் துடிப்பதற்குக் காரணம். பெட்டியின் எல்.இ.டி. பெயர்ப்பலகை அரைகுறையாகத் தெரிந்தால் ஷட்டர் வேகம் அதிகம் என்று பொருள். அதையும் 1/50-க்கோ அதற்குக் கீழோ இறக்க வேண்டும். பட்டப்பகலில் 1/50 வைக்க வெளிச்சத்தைக் குறைக்கும் என்.டி. ஃபில்டர் தேவைப்படும்.

22 பெட்டி ரயில், பெட்டிக்குச் சுமார் 24 மீட்டர் என்றால் 528 மீட்டர். மணிக்கு 80 கிலோமீட்டரில் அது ஓரிடத்தைக் கடக்க 24 நொடி ஆகும். வருவதற்கு முன் 30 நொடி, போன பின் 30 நொடி சேர்த்தால் ஒன்றரை நிமிட ஷாட். கேமராவை ரயிலோடு திருப்பாமல் நிறுத்திவைப்பது நல்லது. பின்னால் வருபவர்கள் மரம், கட்டடம், மின்கம்பம் எல்லாம் எங்கே இருந்தன என்று அதிலிருந்துதான் அறிவார்கள். ஒவ்வொரு இடத்திலும் மின்கம்பத்தில் எழுதியிருக்கும் கிலோமீட்டர்/வரிசை எண்ணையும் ஒரு நொடி எடுத்துக்கொள்ளுங்கள். இரட்டைப் பாதை வந்து முகமே மாறிய பிறகு ‘இது பள்ளியாடியா, இரணியலா’ என்று சண்டை போட வேண்டியிராது.

ஒலி

படத்தைவிட ஒலிதான் வேகமாக மறைகிறது. பழைய ரயில் பாதையில் 13 மீட்டருக்கு ஒரு ஜாயிண்ட். அதில் சக்கரம் விழும் ‘டடக் டடக்’. 47 நொடியில் எத்தனை ஜாயிண்ட் கேட்கிறதோ, ரயில் மணிக்கு ஏறத்தாழ அத்தனை கிலோமீட்டர் வேகத்தில் போகிறது என்று பழைய ஆட்கள் கணக்குப் போடுவார்கள், 13-ஐ 3.6-ஆல் பெருக்கினால் 46.8 வரும், அவ்வளவுதான் ரகசியம். நீளமாக வெல்டிங் செய்த தண்டவாளத்தில் அந்த ஒலி இல்லை. யார்டிலும் பாயிண்ட்டுகளிலும் மட்டும் மிச்சம் இருக்கிறது. பழைய ஆல்கோ டீசல் எஞ்சினின் குமுறல், ஜெனரேட்டர் பெட்டியின் இரைச்சல், ஊழியர் மணி அடிப்பது எல்லாம் இதே வரிசையில் போகின்றன.

பதிவுக்கு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் போதும். பேச்சைப் பதியும் அளவிலேயே வைத்தால் ஹாரன் வந்ததும் ஒலி கிழிந்துவிடும். கிழிந்த ஒலியைச் சரிசெய்ய வழி கிடையாது. ரெக்கார்டரில் இரண்டாவது டிராக்கை 20 டெசிபல் குறைவாக ஓடவிடுங்கள். நீள ஒயரில் 50 ஹெர்ட்ஸ் உறுமல் ஏறும். மேலே போகும் மின்கம்பியின் தூண்டல் அது. பேலன்ஸ்டு எக்ஸ்.எல்.ஆர். ஒயரைக் குட்டையாகப் பயன்படுத்தினால் குறையும். தென்மேற்குப் பருவக் காற்றில் ஆரல்வாய்மொழிக் கணவாயில், முப்பந்தல் காற்றாலைகள் சுழலும் வேகத்தில், மைக்கின் மேலுள்ள ஸ்பாஞ்சு ஒன்றுக்கும் உதவாது. ரோமக் கவசமும் மைக்கைச் சுற்றிய கூண்டும் தேவை. காற்றைக் குறைக்க மைக்கிலேயே லோ-கட் (தாழ்ந்த ஒலிகளை வெட்டும் வசதி) போடாதீர்கள். ரயிலின் அடிநாதமும் அதோடு போய்விடும். அதை எடிட்டிங்கில் செய்துகொள்ளலாம்.

யாரிடம் பேசுவது?

பணியில் இருப்பவர்கள் 1966 ரயில்வே பணியாளர் நடத்தை விதிகளுக்கு உட்பட்டவர்கள். ஊடகத்தில் பேச அவர்களுக்கு அனுமதி தேவை. டீக்கடையில் நட்பாகப் பேசியதைப் பதிந்து வெளியிட்டால் மாட்டிக்கொள்வது அவர்தான், நீங்கள் இல்லை. ஓய்வு பெற்றவர்களிலிருந்து தொடங்குவதே நல்ல வழி.

‘அந்தக் காலம் எப்படி இருந்தது?’ என்று கேட்டால் ‘நல்லா இருந்தது’ என்று பதில் வரும். ‘பாட்டா, மழை ரோந்து போகும்போது பையில என்னென்ன இருக்கும்? எந்த வெட்டுல மண்ணு முதல்ல சரியும்?’ என்று கேட்டால் அரை மணி நேரம் பேசுவார். கையில் பழைய சுத்தியலோ விளக்கோ இருந்தால் இன்னும் நல்லது. சப்டைட்டிலில் அவருடைய நாஞ்சில், விளவங்கோடு பேச்சைத் திருத்தாமல் போடுங்கள்.

ஒன்றில் மட்டும் கவனம் தேவை. தண்டவாளத்தில் உயிரிழந்தவர்களை அப்புறப்படுத்தும் வேலையில் கேங்மேன்களும் நின்றிருக்கிறார்கள். கேமராவுக்கு முன் அந்தப் பேச்சை நீங்களாக எடுக்கக் கூடாது. அவராகச் சொன்னால், இடமும் நாளும் வெளியே தெரியாதபடி வெட்ட வேண்டும். அந்தக் குடும்பம் பக்கத்து ஊரிலேயே இருக்கக்கூடும். ஒப்புதல் கடிதம் தமிழில் ஒரு பக்கத்தில் இருக்கட்டும்: எங்கே காட்டப்படும், பிறகு நீக்கச் சொல்ல முடியுமா, பிரதி கிடைக்குமா.

பழைய டேப்புகளும் புதிய கோப்புகளும்

1979, 1981 திறப்பு விழாப் படங்கள் வீட்டு ஆல்பங்களில் இருக்கும். பசையில் ஒட்டியதைப் பிய்க்காமல், ஆல்பத்தோடு மேலிருந்து படமெடுங்கள். தனிப் பிரதி என்றால் 600 டி.பி.ஐ. ஸ்கேன், டிஃப் கோப்பு. அரசுச் செய்திப் படங்களுக்கு, 2022-ல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன் தொகுப்பில் தேடலாம். எண்பதுகள், தொண்ணூறுகளின் கல்யாண வி.எச்.எஸ். கேசட்டுகளையும் விடாதீர்கள், மாப்பிள்ளை வீட்டாரை வரவேற்க ஸ்டேஷன் போன காட்சியில் பழைய பிளாட்பாரம் முழுதாக இருக்கும்.

கடற்கரை ஈரத்தில் அந்த டேப்புகளில் பூஞ்சை பிடித்திருக்கும். கேசட்டின் ஜன்னல் வழியாக வெள்ளைத் தூள் தெரிந்தால் பிளேயரில் போடவே கூடாது. ஹெட் அழுக்காகும், டேப் கீறும், அடுத்துப் போடும் நல்ல டேப்புக்கும் பூஞ்சை ஒட்டும். முதலில் சிலிகா ஜெல்லோடு மூடிய டப்பாவில் உலரவிட்டு, பிறகு சுத்தம் செய்யத் தெரிந்தவரிடம் கொடுக்க வேண்டும். மாற்றும்போது 720×576 அளவில், இன்டர்லேஸ் (ஒற்றை, இரட்டை வரிகளாகப் பிரித்துப் பதியும் பழைய வீடியோ முறை) நீக்காத கோப்பையே மூலமாக வைத்து, பார்ப்பதற்கு வேறொரு பிரதி செய்யுங்கள்.

புதிதாக எடுப்பது நொடிக்கு 100 மெகாபிட் என்றால் மணிக்கு 45 ஜி.பி. ஆகும். மூன்று பிரதி, இரண்டு வகைச் சாதனம், அதில் ஒன்று வேறு ஊரில். கோப்பின் பெயரில் தேதி, நிலையம், மின்கம்ப எண், வேலை நான்கும் வரட்டும். கேமரா தானாக வைக்கும் எண்ணோடு விட்டால் மூன்றாம் ஆண்டில் எடுத்தவருக்கே அடையாளம் தெரியாது.